ஆனந்தியாக நடித்த சிறுமி



தொலைக்காட்சியில் ஒரு குழந்தை அழுதால், பார்த்துக்கொண்டிருக்கும் நம் தாய்மார்களும் முந்தானையை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்கள். அந்தக் குழந்தை யார், எந்த ஊர், படிக்கிறதா, அதன் சம்பளம் யார் கைக்குப் போகிறது என்று கேட்பவர் குறைவு. அப்படிப்பட்ட ஒரு சிறுமியின் தொடக்க காலத்தைப் பற்றியே இன்று பேசப் போகிறேன். அவர் பெயர் அவிகா கோர். 1997-ஆம் ஆண்டு ஜூன் 30-ஆம் நாள் மும்பையில், ஒரு குஜராத்திக் குடும்பத்தில் பிறந்தவர்.

இந்தியாவில் தொலைக்காட்சி 1959-ஆம் ஆண்டு செப்டம்பர் 15-ஆம் நாள் டில்லியில் தொடங்கியது. 1984-இல் 'ஹம் லோக்' என்ற தொடர் வந்து, குடும்பக் கதைகளுக்கு வழி திறந்தது. அதன்பின் தனியார் அலைவரிசைகள் பெருகின. நாள் தவறாமல் ஒளியேறும் தொடர்களும் பெருகின. அந்தக் கதை நமக்குத் தெரிந்ததுதான்.

2008-ஆம் ஆண்டு ஜூலை 21-ஆம் நாள் 'கலர்ஸ்' என்ற புதிய இந்தி அலைவரிசை பிறந்தது. அதே நாளில் அதன் 'பாலிகா வது' என்ற தொடரும் பிறந்தது. பெயரின் பொருள் குழந்தை மணமகள். ராஜஸ்தான் கிராமம் ஒன்றில் எட்டு வயதுச் சிறுமி ஆனந்தியை ஜகதீஷ் என்ற சிறுவனுக்கு மணம் முடித்து, மாமியார் வீட்டுக்கு அனுப்பிவிடுகிறார்கள். பொம்மை வைத்து விளையாட வேண்டியவள் தலையில் முக்காடு போட்டு, பெரியவர் எதிரில் குனிந்து நிற்கக் கற்றுக்கொள்கிறாள். ஆனந்தியாக நடித்த அவிகாவுக்கு அப்போது 11 வயது நிறைந்து மூன்று வாரந்தான் ஆகியிருந்தது.

கதை வெறும் கற்பனையா என்று கேட்கலாம். இல்லை. ராஜஸ்தானில் அட்சய திருதியை நாளில் சிறுபிள்ளைகளுக்குக் கூட்டங்கூட்டமாக மணம் செய்யும் வழக்கம் நெடுங்காலமாக இருந்தது. மணம் முடிந்த பெண் பருவமடைந்த பின்பு கணவன் வீட்டுக்கு அனுப்பப்படுவதை அங்கே 'கௌனா' என்பார்கள். தொடரில் ஜகதீஷின் அக்காள் சுக்னா, கணவனோடு வாழத் தொடங்கும் முன்பே விதவையாகிவிடுகிறாள். இந்தக் கொடுமையைத் தடுக்க 1929-இலேயே சட்டம் வந்தது. அதைக் கொண்டுவரப் பாடுபட்டவர் ஹர்பிலாஸ் சார்தா. அவரும் அதே மண்ணில், அஜ்மீரில் பிறந்தவரே. பெண்ணுக்கு 14, ஆணுக்கு 18 என்று அந்தச் சட்டம் வயது வரம்பு வைத்தது. 1978-இல் அது 18, 21 என உயர்ந்தது. 2006-இல் இன்னும் கடுமையான சட்டம் இயற்றப்பட்டது. இத்தனை சட்டம் வந்தும் வழக்கம் முற்றாக ஒழியவில்லை. அதனால்தான் 2008-இலும் அந்தக் கதைக்கு உயிர் இருந்தது.

தொடரின் வெற்றிக்குப் பாதிக் காரணம் அந்தச் சிறுமியின் முகம் என்பது என் கருத்து. மீதிப் பாதி, 'தாதிசா' என்ற பாட்டியாக நடித்த சுரேகா சிக்ரியுடையது. நாடக மேடையில் பழுத்த அந்த அம்மையார் அதட்டினால் பார்ப்பவர் வீட்டுக் கதவும் நடுங்கும். அத்தகையவருக்கு எதிரே நின்று, 'நான் ஏன் படிக்கக்கூடாது?' என்ற கேள்வியைக் கண்களாலேயே கேட்க ஒரு குழந்தையால் முடிந்தது. மும்பையில் வளர்ந்த அவர் ராஜஸ்தான் வாடை கலந்த இந்தியையும் பேசப் பழகவேண்டியிருந்தது. இந்தத் தொடரின் பலத்தால், 2009-இல் 'கலர்ஸ்' பல்லாண்டு முதலிடத்தில் இருந்த 'ஸ்டார் பிளஸ்' அலைவரிசையையே முந்தியது. எதிர்ப்பும் வந்தது. குழந்தை மணத்தைக் காட்டிக் காட்டியே அதை வளர்க்கிறார்கள், தொடரைத் தடை செய்யுங்கள் என்று 2009-இல் இந்திய மக்களவையில் குரல் எழுந்தது. தடை வரவில்லை. தொடர் 2016 வரை ஓடியது.

தமிழ் வீடுகளுக்கும் ஆனந்தி வந்தாள். ராஜ் தொலைக்காட்சி இத்தொடரை 'மண் வாசனை' என்ற பெயரில் தமிழ்க் குரல் கொடுத்து ஒளியேற்றியது. (பாரதிராஜாவின் 1983-ஆம் ஆண்டுப் படத்துக்கும் அதே பெயர், இரண்டையும் குழப்பிக்கொள்ள வேண்டா.) தெலுங்கில் அது 'சின்னாரி பெள்ளிக்கூதுரு' ஆயிற்று. தெலுங்கு மக்கள் தங்கள் வீட்டுப் பெண் போலவே அவரை ஏற்றுக்கொண்டார்கள். 2013-இல் 'உய்யாலா ஜம்பாலா' என்ற தெலுங்குப் படத்தில் அவர் கதாநாயகியானார். வயது 16.

இனி, என் மனத்தை உறுத்தும் செய்திக்கு வருகிறேன். 2010-இல் கதையில் ஆண்டுகள் உருண்டோட, வளர்ந்த ஆனந்தியாக நடிக்க வேறொரு நடிகை வந்தார். 13 வயது அவிகா விலகினார். அடுத்த ஆண்டே, 2011-இல், 'சசுரால் சிமர் கா' என்ற இன்னொரு தொடரில் ரோலி என்ற பாத்திரம் கிடைத்தது. ரோலி குழந்தையல்ல; மணமாகிக் குடும்பம் நடத்தும் பெண். கணவராக நடித்தவர் அவரைவிடப் பல ஆண்டு மூத்தவர். குழந்தை மணம் கொடுமை என்று வீடுதோறும் சொன்ன அதே சிறுமிக்கு, 14 வயதில் சேலை கட்டி, நெற்றியில் குங்குமம் இட்டு, மருமகளாக நிற்க வைத்தார்கள். அது நடிப்புத்தானே என்பார்கள். நடிப்புத்தான். ஆனாலும் முதல் தொடரைப் பார்த்து அழுத கண்களில் எத்தனை இதைக் கவனித்தன?

திங்கள் முதல் வெள்ளி வரை நாள் ஒன்றுக்கு ஒரு பகுதி வீதம் ஒளியேற வேண்டுமானால், படப்பிடிப்பும் ஓயாமல் நடந்தாக வேண்டும். அந்தக் காட்சியில் குழந்தை இல்லாமல் முடியாது என்றால் குழந்தையும் அங்கே இருந்தாக வேண்டும். தாயோடு விடியற்காலையில் மங்கு துடைக்கப் போய்விட்டு, பள்ளியில் வந்து தூங்கிய பிள்ளைகளின் கதை நம் தோட்டத்துப் பெரியவர்களுக்குத் தெரியும். விளக்கொளியில் செய்தாலும் வேலை வேலைதான்.

இந்தியாவில் இதற்குத் தெளிவான விதி வரச் சுணங்கியது. குழந்தைத் தொழிலாளர் சட்டம் 2016-இல் திருத்தப்பட்டபோது, 14 வயதுக்குட்பட்ட பிள்ளைகள் திரைப்படத்திலும் தொலைக்காட்சியிலும் நடிக்க விலக்கு அளித்து, பாதுகாப்பும் வைத்தார்கள். 2017 ஜூன் மாதம் வந்த விதிகளின்படி, குழந்தையை நாளுக்கு 5 மணி நேரத்துக்கு மேல் நடிக்க வைக்கக்கூடாது. ஓய்வில்லாமல் 3 மணிக்கு மேல் கூடாது. தொடர்ந்து 27 நாளுக்கு மேலும் கூடாது. மாவட்ட ஆட்சியரின் அனுமதி வேண்டும். படிப்பு நிற்கக்கூடாது. வருமானத்தில் குறைந்தது நூற்றுக்கு 20 பங்கை, குழந்தையின் பெயரில் வங்கியில் வைப்பாகப் போடவேண்டும். வயது வந்தபின் அதைக் குழந்தையே எடுத்துக்கொள்ளலாம். அந்த ஒரு விதிக்காகவே சட்டம் எழுதியவர்களைப் பாராட்டுவேன்.

அவ்விதிகள் வெளியான அதே மாதத்தின் இறுதியில் அவிகா கோருக்கு 20 வயது நிறைந்தது.