மேடை ஏறாத குரல்கள்

மன்னனைப் பாடியவன் பரிசில் பெற்றான். மாளிகைக்குக் கல் சுமந்தவன் பெயரற்றுப் போனான். மன்னராட்சி மறைந்தது. அந்த முறை மறைந்ததா? கேளிக்கைத் தொழிலைப் பற்றி அமெரிக்காவில் எழுந்த ஆவணப்படங்களின் வரலாற்றைப் புரட்டினால், விடை கிடைக்கிறது.

1967இல் 'டோன்ட் லுக் பேக்' வெளிவந்தது. பாடகர் பாப் டிலன் 1965இல் இங்கிலாந்தில் மேற்கொண்ட சுற்றுப்பயணத்தைப் பென்னிபேக்கர் படமாக்கினார். தோளில் சுமக்கத்தக்க கேமரா வந்துவிட்ட காலம் அது. மேடையோடு நில்லாமல் விடுதி அறைக்குள்ளும் அது நுழைந்தது. பாடகரின் புகழோடு சினமும் செருக்கும் பதிவாயின. திரை விலகிற்று, உண்மை. ஆயினும் கேமராவின் கண் நாயகனை விட்டு அகலவில்லை. படத் தயாரிப்பாளருள் ஒருவர் யார்? டிலனின் மேலாளரே!

நாயகனுக்குப் பின்னால் நின்றோர் கதை என்ன? 1962இல் 'ஹி இஸ் எ ரெபெல்' என்ற பாடல் அமெரிக்காவில் முதலிடம் பிடித்தது. இசைத்தட்டில் அச்சான பெயர் 'கிரிஸ்டல்ஸ்' குழுவினுடையது. பாடிய குரலோ டார்லின் லவ் என்னும் கறுப்பினப் பெண்மணியுடையது. குரல் ஒருவருடையது, பெயர் வேறொருவருடையது! பின்னாளில் அவர் பிறர் வீடுகளைத் துப்புரவு செய்து பிழைக்க நேர்ந்தது. டெட்ராய்ட் நகரின் 'மோடவுன்' நிறுவனத்திலும் இதே நிலைதான். அதன் வெற்றிப் பாடல்களுக்கு வாசித்த கலைஞர்களின் பெயர்கள் 1960களில் இசைத்தட்டு உறைகளில் இடம்பெறவில்லை.

பல்லாண்டு கழித்தே ஆவணப்படம் இவர்களைத் தேடிச் சென்றது. 2002இல் மோடவுன் கலைஞர்களைப் பற்றிய படம் வந்தது. 2013இல் டார்லின் லவ் முதலான பின்னணிக் குரலாளர்களைப் பற்றி 'ட்வென்டி ஃபீட் ஃப்ரம் ஸ்டார்டம்' வந்தது; ஆஸ்கார் விருதும் பெற்றது. நிறுவனம் மறைத்த பெயரை நிழற்படம் மீட்டுத் தந்தது.

2021 பிப்ரவரியில் மற்றொரு படம் வந்தது. பாடகி பிரிட்னி ஸ்பியர்ஸ் 2008 முதல் தம் வாழ்வையும் வருவாயையும் நீதிமன்றம் அமர்த்திய பாதுகாவலரிடம் ஒப்படைத்து வாழ நேர்ந்ததை அது ஊரறியச் செய்தது. அவருடைய அன்பர்கள் முன்பே தொடங்கியிருந்த கிளர்ச்சிக்கு அது வலுவூட்டியது. அவ்வாண்டு நவம்பரில் நீதிமன்றம் அக்கட்டை அவிழ்த்தது. கேமரா சாட்சி சொன்னது, நாடு செவிமடுத்தது.

ஆனால் நாணயத்தின் மறுபக்கத்தையும் காண்போம். பின்னணிக் குரல்கள் பேசிய அதே 2013இல், பாடகி பியான்ஸே தம்மைப் பற்றிய படத்தைத் தாமே இணைந்து இயக்கி வெளியிட்டார். தன் கதையைத் தானே சொல்வது குற்றமன்று. ஆனால் தன் வழக்கில் தானே நீதிபதியாக இருப்போர் தீர்ப்பை நாம் அப்படியே ஏற்கலாமா?

ஆகவே, இத்தகைய படங்களைக் காணும்போது மூன்று வினாக்களைத் தொடுப்போம்: பணம் தந்தவர் யார்? பேச விடப்பட்டவர் யார்? பேச விடப்படாதவர் யார்? மூன்றாம் வினாவுக்கு விடை தேடிச் செல்லும் படமே வரலாறு. மற்றவை, மன்னனைப் பாடிய பழைய பாட்டின் புதிய பதிப்பு!