பிளிடா வைத்தியசாலையில் நேர்ந்த பிழை

நோயாளியின் நாடியைப் பிடிக்குமுன் அவனுடைய இனத்தைப் பார்த்துவிட்ட விஞ்ஞானம் ஒன்று இருந்தது என்றால், அது மிகைக் கூற்று என்று சிலர் எண்ணக்கூடும். அத்தகையோர்க்குப் பிரெஞ்சு ஆட்சியிலிருந்த அல்ஜீரியாவின் வரலாற்றை நாம் காட்டுவோம்.

அல்ஜியர்ஸில் மனநோய் மருத்துவத்துக்கு ஒரு மரபையே நிறுவிய அன்ரூவான் பொரோ, 1918ஆம் ஆண்டில் முஸ்லிம்களின் மனம் பற்றி ஒரு கட்டுரை வரைந்தார். எதையும் எளிதில் நம்புதல், அறியும் ஆவலின்மை, திடீர் வெறி ஆகியனவே அவர் கண்ட இலக்கணங்கள். பின்னர் அவரும் அவருடைய மாணவரும் இவற்றை மூளையின் அமைப்பிலேயே ஏற்றிக் கூறினர். நிலத்தைப் பறிகொடுத்தவன் சினந்தால் அது மூளைக் கோளாறாம்! கென்யாவில் மௌ மௌ கிளர்ச்சி எழுந்தபோது கரதர்ஸ் என்னும் வைத்தியர் அதற்கும் ஓர் உளவியல் விளக்கம் எழுதினார்; 1954இல் குடியேற்ற அரசே அதனை அச்சிட்டு வெளியிட்டது.

மார்த்தினிக் தீவிற் பிறந்த கறுப்பின வைத்தியர் பிரான்ஸ் பனான், 1953இன் இறுதியில் பிளிடா மனநோய் வைத்தியசாலைக்கு வந்தார். அங்கே ஐரோப்பியருக்கு ஒரு விடுதி, முஸ்லிம்களுக்கு வேறொன்று. ஐரோப்பியப் பெண்களிடையே கூட்டம், விழா, பத்திரிகை, கைப்பணி என அவர் புகுத்திய சமூக சிகிச்சை விரைவிற் பலன் தந்தது. அதே முறையை முஸ்லிம் ஆண்களிடமும் கையாண்டார். மாதங்கள் கழிந்தன, எவரும் அசையவில்லை. பொரோவின் சீடர்களுக்கு வேறு சான்று வேண்டுமோ? பனானோ நோயாளியை விடுத்துத் தம்மையே சோதித்தார். மொழிபெயர்ப்பாளர் வாயிலாகவே அவர் அவர்களுடன் பேசியிருந்தார். எழுத்தறியாதோர் மிகுந்த விடுதியிற் பத்திரிகை நடத்த முயன்றார். மண்ணோடு வாழ்ந்த உழவரைக் கைப்பணிக்கு அழைத்தார். பிழை தம்முடைய முறையிலே என்பதை 1954இல் தம் மாணவர் அசுலேயுடன் சேர்ந்து வெளிப்படையாக எழுதினார். அதன்பின் அங்கே ஒரு காப்பிக்கடை திறக்கப்பட்டது, முஸ்லிம் பெருநாட்கள் கொண்டாடப்பட்டன, கதைசொல்லி வந்தார்.

1956இல் இன்னொன்று நடந்தது. படங்களைக் காட்டிக் கதை சொல்லச் செய்யும் உளச்சோதனையை முஸ்லிம் பெண்களுக்கு வைத்தனர். அமெரிக்காவில் ஆக்கப்பட்ட அப்படங்களைக் கண்டு அவர்கள் திகைத்தனர். ஓரிரு பொருள்களைச் சுட்டியதோடு நின்றனர். கற்பனையற்றவர் என்று குறித்துக்கொண்டு போயிருக்கலாம். (வாய் திறவாத மாணவனை மந்தன் என்று எழுதிவிடும் ஆசிரியர்களாகிய நாம் இவ்விடத்திற் சற்றே நிற்பது நன்று.) அச்சோதனையில் எதுவும் வரையப்படாத வெற்று அட்டை ஒன்றும் உண்டு. அதனைக் கையில் வாங்கியதும் அப்பெண்கள் வளமான கதைகளைச் சொல்லத் தொடங்கினர்.

அவ்வாண்டின் இறுதியிற் பனான் பதவி துறந்தார். 1957இன் தொடக்கத்தில் நாட்டைவிட்டு வெளியேற்றப்பட்டார்.