உயிருக்கு ஒரு வாய்ப்பாடு: விபத்து இழப்பீட்டின் கதை

மோட்டார் விபத்து வழக்கில் இறப்புக்கான தீர்ப்பு எதை எடுத்துப் படித்தாலும் கடைசியில் ஒரு பெருக்கல் கணக்கு வந்து நிற்கும். இறந்தவருக்கு வயசு என்ன, வருமானம் என்ன, அவரை நம்பி எத்தனை பேர். அவ்வளவுதான். முதல்முறை படித்தபோது, 'என்னய்யா இது, உயிரை இப்படியா கணக்குப் போடுவாங்க?' என்று இருந்தது. இந்தக் கணக்கு எங்கிருந்து வந்தது என்று தேடியபோது சேர்ந்த குறிப்புகள் இவை.

கதை 1808-ல், மோட்டார் வண்டியே இல்லாத இங்கிலாந்தில் தொடங்குகிறது. பயணிகளை ஏற்றிப் போன ஒரு குதிரை வண்டி கவிழ்ந்தது. மேலே உட்கார்ந்திருந்த கணவன், மனைவி இருவருக்கும் அடி. ஒரு மாதம் கழித்து மனைவி இறந்துபோனார். கணவர் மதுக்கடை வைத்திருந்தவர். அந்த வியாபாரத்தில் மனைவியின் உழைப்பும் இருந்தது. பேக்கர் எதிர் போல்டன் என்ற அந்த வழக்கில் நீதிபதி எல்லன்பரோ பிரபு, மனைவி உயிரோடு இருந்த நாட்களுக்கு மட்டும்தான் நஷ்டஈடு என்றார். சாவுக்கு என்று தனியாக எதுவும் கேட்க முடியாது. அதாவது காலை உடைத்தால் பணம் கட்டணும், ஆளையே கொன்றுவிட்டால் கட்ட வேண்டாம்!

ரயில் வந்து விபத்துகள் பெருகிய பிறகு, 1846-ல் பிரிட்டிஷ் நாடாளுமன்றம் இதை மாற்றியது. 1855-ல் அதே மாதிரி ஒரு சட்டம் இந்தியாவுக்கும் வந்தது. இறந்தவரின் கணவன் அல்லது மனைவி, பெற்றோர், பிள்ளைகள் ஆகியோருக்காக நஷ்டஈடு கேட்கலாம். ஆனால் எவ்வளவு? சட்டத்தில் அதற்கு ஒரு கணக்கு இல்லை.

கணக்கு 1942-ல் வந்தது, அதுவும் ஒரு நிலக்கரிச் சுரங்க வழக்கில். இறந்தவரின் வருமானத்தில் அவருடைய சொந்தச் செலவைக் கழி. மிச்சம்தான் குடும்பத்துக்குப் போன பணம். அதை இத்தனை வருஷம் என்று ஒரு எண்ணால் பெருக்கு.

நம்ம ஊருக்கு இது வந்து சேர்ந்ததில் தாராபுரம் - பழனி பஸ் ஒன்றுக்கும் பங்கு உண்டு. 1947-ல் அந்த பஸ் விபத்துக்குள்ளாகி ஒருவர் இறந்தார். கோபால்டு மோட்டார் சர்வீஸ் வழக்கு என்று சட்ட மாணவர்கள் படிப்பது இதைத்தான். உச்ச நீதிமன்றம் அந்த 1942 தீர்ப்பை எடுத்து விவாதித்து முடிவு சொன்னபோது வருஷம் 1961. பதினான்கு வருஷம்! இடையில், 1956-ல், மோட்டார் வாகனச் சட்டத்தைத் திருத்தி விபத்துக்கென்றே தனித் தீர்ப்பாயங்களுக்கு வழி செய்தார்கள்.

அப்புறமும் ஆளாளுக்கு ஒரு எண்ணால் பெருக்கிக்கொண்டிருந்தார்கள். 2009-ல் சர்லா வர்மா வழக்கில்தான் உச்ச நீதிமன்றம் ஒரே அட்டவணை போட்டது. 25 வயது வரை 18, 26-30 வயதுக்கு 17, அப்படியே இறங்கி 65-க்கு மேல் 5. 30 வயதுக்காரர் இன்னும் 30 வருஷம் உழைப்பாரே, ஏன் 17? மொத்தப் பணமும் இன்றே கையில் வந்தால் அதற்கு வட்டி வரும். அவர் அவ்வளவு காலம் இருந்திருப்பார் என்பதும் நிச்சயமில்லை. அதனால்தான்.

ஒரு உதாரணம். சொந்தத் தொழில், வயது 30, மாதம் 20,000 ரூபாய். மனைவி, இரண்டு குழந்தைகள், அம்மா என்று நான்கு பேர். 2017-ல் வந்த பிரணய் சேத்தி தீர்ப்பின்படி வருங்கால உயர்வுக்கு 40 சதவீதம் கூட்டினால் 28,000. சொந்தச் செலவுக்குக் கால் பங்கு கழித்தால் 21,000. வருஷத்துக்கு 2,52,000. பதினேழால் பெருக்கினால் 42,84,000 ரூபாய். ஈமச்செலவு மாதிரியானவை தனி.

இரக்கமில்லாத சூத்திரம்தான். ஆனால் எந்த ஊர் தீர்ப்பாயத்துக்குப் போனாலும் ஏறக்குறைய ஒரே விடை வரும் என்பது பெரிய விஷயம். புரோகிராம் எழுதுகிற எனக்கு உறுத்துவது வேறு: சூத்திரம் சரியாக இருந்தாலும், உள்ளே போடும் எண் தப்பாக இருந்தால் விடையும் தப்பு. அதே மனிதர் சம்பளச் சீட்டு இல்லாத கொத்தனார், வருமானத்தை 10,000 என்றுதான் ஏற்றுக்கொண்டார்கள் என்றால், குடும்பத்துக்கு 21,42,000. சரிபாதி போச்சு.

வருமானமே இல்லை என்று எழுதப்படுகிற வீட்டுப் பெண்கள்? 1994-ல் சட்டத்தில் சேர்த்த அட்டவணை, கணவன் வருமானத்தில் மூன்றில் ஒரு பங்கு என்றது. 2021 ஜனவரியில் கீர்த்தி வழக்கில், மூன்று நீதிபதிகளில் ஒருவரான என்.வி. ரமணா ஒரு அரசுக் கணக்கெடுப்பைக் காட்டினார்: சம்பளமில்லாத வீட்டு வேலைக்குப் பெண்கள் சராசரியாக ஒரு நாளில் செலவிடுவது 299 நிமிடம், ஆண்கள் 97 நிமிடம். வீட்டைப் பார்த்துக்கொள்பவருக்கும் வருமானம் வைத்துத்தான் கணக்குப் போட வேண்டும், அவர் உழைப்பை அங்கீகரிப்பது அது என்று விளக்கினார்.

குதிரை வண்டியிலிருந்து விழுந்த அந்தப் பெண்ணின் உழைப்புக்கு 1808-ல் போட்ட மதிப்பு பூஜ்யம். அங்கிருந்து இங்கே வர 213 வருஷம் ஆகியிருக்கிறது. பெருக்கும் எண்ணில் இப்போது பெரிதாகச் சண்டை இல்லை. பெருக்கப்படும் எண்ணில்தான் ஏழைக் குடும்பங்கள் இன்னும் தோற்கின்றன.