வெண்படலமும் பாத்தியும்: கருப்பைவாயை ஆராய்ந்த கருவியின் வரலாறு

மனித உடலில் தோன்றும் புற்றுநோய்களுள் சில, முற்றிய நோயாவதற்குப் பல ஆண்டுகட்கு முன்னரே தம் வருகையை அறிவிப்பன. கருப்பைவாய்ப் புற்றுநோய் அத்தகையது. அது திடீரென எழுவதில்லை. முதலில் மேற்படலத்து உயிரணுக்கள் சில தம் இயல்பு மாறுகின்றன. அம்மாற்றம் சிலரிடத்தில் தானே மறைகின்றது. சிலரிடத்தில் பல ஆண்டுகள் மெல்ல வளர்ந்து புற்றாகின்றது. இவ்விடைக்காலத்தில் கண்டறிந்து அகற்றினால் உயிர் தப்பும். ஆனால் அம்மாற்றம் வலியும் தருவதில்லை. வெறுங்கண்ணுக்கும் எளிதிற் புலப்படுவதில்லை. அதனைப் புலப்படச் செய்த கருவியின் வரலாற்றை இக்கட்டுரையிற் காண்போம்.

பான் நகரில் பிறந்த கருவி

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மருத்துவர்கள் பலர், இப்புற்று ஒரு சிறு கட்டியாகவோ புண்ணாகவோ தொடங்குகின்றது என்று கருதினர். ஜெர்மனியின் பான் நகரில் பேராசிரியர் ஓட்டோ பான் பிராங்கே என்பாரின் கீழ்ப் பணியாற்றிய ஹான்ஸ் ஹின்செல்மன் (1884–1959) என்னும் மருத்துவரும் அவ்வாறே எண்ணினார். அச்சிறு கட்டியைக் காணவேண்டுமாயின் கண்ணின் ஆற்றலைப் பெருக்க வேண்டும் என்பது அவர் துணிபு. இரு கண்ணாலும் நோக்கத்தக்க உருப்பெருக்கியை விளக்கொளியுடன் ஒரு தாங்கியில் அமைத்து, கருப்பைவாயை ஏறத்தாழப் பத்து மடங்கு பெருக்கிக் கண்டார். இதனை 1925-ஆம் ஆண்டில் மூனிக் மருத்துவ வார இதழில் வெளியிட்டார். கோல்போஸ்கோப் என்னும் பெயர் கிரேக்கச் சொற்களால் ஆனது. உட்குழிவான உறுப்பை நோக்குவது என்பது அதன் பொருள்.

அவர் தேடியது கிடைக்கவில்லை, தேடாதது கிடைத்தது. கட்டிக்கு மாறாக, சில பெண்களிடத்து வெண்ணிறப் படலங்களையும், செந்நிறப் புள்ளிகள் நிறைந்த திட்டுகளையும், வரப்பிட்டு வகுத்தாற்போன்ற கோலங்களையும் கண்டார். வெண்மைக்கு லியூகோபிளேக்கியா என்றும், புள்ளித் திட்டுக்கு நிலம் என்று பொருள்படும் குருண்ட் என்றும், மூன்றாவதற்கு பெல்டெருங் என்றும் பெயரிட்டார். இவற்றுள் கடைசிச் சொல் வயலைக் குறிக்கும் ஜெர்மன் சொல்லினின்று பிறந்தது. நம் உழவர் வழக்கில் பாத்தி கட்டுதல் என்பதே அதற்கு நேர். கண்டறியாத ஒன்றிற்குப் பெயரிட நேர்ந்தபோது அறிஞர் கழனியின் சொற்களை நாடியமை மொழியாசிரியர் கருதத்தக்கது.

காடியும் அயோடினும்

கருவி மட்டும் போதவில்லை. கருப்பைவாயின்மேற் படிந்த சளி பார்வையை மறைத்தது. அதனை நீக்க ஹின்செல்மன் அசெட்டிக் அமிலத்தைக் கையாண்டார். வீட்டில் வழங்கும் காடிக்குப் புளிப்பூட்டுவது அவ்வமிலமே. அது சளியை நீக்கியதோடு அமையாது, மாறுதலுற்ற படலத்தைச் சிறிது நேரம் வெண்மையாகவும் காட்டியது. மாறுதலுற்ற உயிரணுக்களில் கரு பெரிதாகவும் நெருக்கமாகவும் இருத்தலின், அமிலம் பட்டவுடன் அவ்விடம் ஒளியை ஊடுருவ விடாது வெளுத்துத் தோன்றுகின்றது.

வியன்னாவில் வால்டர் ஷில்லர் வேறொரு வழி கண்டார். இயல்பான தட்டைப் படலத்தில் கிளைக்கோஜன் என்னும் மாவினச் சத்து உண்டு. அயோடின் கரைசலைத் தடவினால் அது செறிந்த பழுப்பு நிறம் கொள்ளும். மாறுதலுற்ற இடத்தில் அச்சத்துக் குறைதலின் நிறம் ஏறாது. காடி மாற்றத்தை வெண்மையாற் காட்டுகின்றது. அயோடினோ இயல்பானதற்கு நிறமூட்டி, எஞ்சியதை ஐயத்துக்குரியதாக்குகின்றது.

கோலங்களைப் படிக்கும் முறை

புள்ளிகளும் பாத்திகளும் தோன்றுவது ஏன்? மேற்படலத்தின் அடியிலிருந்து நுண்ணிய குருதிக் குழாய்கள் மேல்நோக்கி எழுகின்றன. மாறுதலுற்ற படலத்தில் அவை நீண்டு மேற்பரப்பை நெருங்குகின்றன. அவற்றின் நுனியை நேரே நோக்கும்போது புள்ளியாகத் தெரிகின்றன. அவை கிளைத்து உயிரணுத் தொகுதிகளைச் சூழ்ந்தால், தரையில் ஓடு பதித்தாற்போன்ற கோலம் அமைகின்றது.

தேர்ந்த மருத்துவர் முதலில் எல்லையை நாடுவர். வெளிப்புறத்து வழவழப்பான இளஞ்சிவப்புத் தட்டைப் படலமும், உட்புறத்துக் கொத்துக் கொத்தான செந்நிறத் தூண்படலமும் கூடும் இடம் அது. தூண்படலம் தட்டைப் படலமாக மாறும் அப்பகுதியிலேதான் பெரும்பாலான புற்று தோன்றும். ஆகவே அப்பகுதி முழுதும் புலப்பட்டதா என்பதே முதற் கேள்வி.

அடுத்து, வெண்மை எத்தகையது என்று நோக்குவர். மெல்லிய வெண்மையும், இறகு போன்ற ஒழுங்கற்ற விளிம்பும், நுண்ணிய புள்ளிகளும் இலேசான மாற்றத்தைக் குறிப்பன. விரைந்து தோன்றும் அடர்ந்த வெண்மையும், கூரிய விளிம்பும், பருத்து விலகி நிற்கும் புள்ளிகளும், அளவொவ்வாத பாத்திகளும் கடுமையான மாற்றத்தைக் குறிப்பன. குருதிக் குழாய்கள் திருகாணி போலவும் காற்புள்ளி போலவும் ஒழுங்கின்றி ஓடுமாயின், புற்று உள்ளே ஊடுருவியதோ என ஐயுறல் வேண்டும். 1939-இல் ஹெல்முட் கிராட்ஸ் என்பார் பச்சை ஒளிவடிகட்டியைப் புகுத்தினார்; அதனூடே செந்நிறக் குழாய்கள் கருங்கோடுகளாகத் தெளிந்தன.

எனினும் கோலம் வேறு, தீர்ப்பு வேறு. நோயில்லாத இளம்படலமும் ஒரோவழி வெண்மையும் பாத்தியும் காட்டும். ஆதலின், ஐயத்துக்குரிய இடத்தினின்று சிறு துணுக்கெடுத்து நுண்ணோக்கியில் ஆராய்ந்த பின்னரே முடிவு கூறுதல் முறை. எவ்விடத்தில் துணுக்கெடுப்பது என்று காட்டுவதே கோல்போஸ்கோப்பின் தலையாய பணி.

கறை படிந்த பக்கம்

இவ்வரலாற்றில் மறைத்தற்கியலாத இருண்ட பகுதி ஒன்றுண்டு. அவுஷ்விட்ஸ் வதைமுகாமின் தலைமை மருத்துவனாயிருந்த எடுவர்ட் விர்ட்ஸ் என்பவனும், ஹாம்பர்க்கில் ஹின்செல்மனோடு தொடர்புடைய மகப்பேற்று மருத்துவனாகிய அவன் தம்பி ஹெல்முட்டும், முகாமின் பத்தாம் எண் கட்டடத்தில் அடைபட்ட யூதப் பெண்களை இக்கருவியால் ஆராய்ந்தனர். அப்பெண்களின் இசைவு கேட்பாரில்லை. அறுத்தெடுத்த திசுக்கள் ஹாம்பர்க்குக்கு அனுப்பப்பட்டன. போருக்குப்பின், 1946-இல், ரோமா இனப் பெண்களுக்குக் கட்டாயக் கருத்தடை செய்ததில் பங்குகொண்ட குற்றத்திற்காக ஹின்செல்மனுக்கு ஆங்கிலேயப் படைமன்றம் மூன்றாண்டுச் சிறைத்தண்டனை விதித்தது. யூத மரபினராகிய ஷில்லரோ, 1930களின் பிற்பகுதியில் வியன்னாவை நீங்கி அமெரிக்காவிற் குடியேறியிருந்தார். ஒரே நோயை ஆராய்ந்த இருவருள் ஒருவர் நாடிழந்தார், மற்றவர் அறமிழந்தார். ஆய்வின் பயனைப் போற்றுவோர் அதற்கு இரையானோரை மறத்தல் தகாது.

இரு நெறிகள் இணைந்தமை

ஆங்கிலம் வழங்கும் நாடுகளில் இக்கருவி நெடுங்காலம் பரவவில்லை. அங்கே கிரேக்க நாட்டிற் பிறந்து நியூயார்க்கில் பணியாற்றிய ஜார்ஜ் பாப்பனிகொலாவ், டிராட் என்பாரோடு 1941-இலும் 1943-இலும் வெளியிட்ட உயிரணுச் சோதனை செல்வாக்குப் பெற்றது. இரண்டும் போட்டி நெறிகள் அல்ல என்பது பின்னரே உணரப்பட்டது. உயிரணுச் சோதனை, நோயுண்டோ என ஐயத்தை எழுப்பும். கோல்போஸ்கோப், அஃது எங்கே என்று காட்டும். 1972-இல் அர்ஜென்டினாவின் மார் டெல் பிளாட்டா நகரில் உலகக் கூட்டமைப்பு தோன்றியது. கண்ட கோலத்தை எல்லாரும் ஒரே பெயரால் வழங்கவேண்டி, கலைச்சொற்கள் 1975 முதல் பலமுறை திருத்தப்பட்டு, 2011-இல் ரியோ டி ஜனீரோவில் மீண்டும் வகுக்கப்பட்டன. பெயர் ஒன்றுபடாத இடத்தில் அறிவு ஒன்றுபடாது. 1983-இல் ஹரால்டு சுர் ஹவுசன் குழுவினர் பாப்பிலோமா வைரஸின் 16-ஆம் வகையை இப்புற்றில் கண்டனர். நோயின் மூலமும் தெளிந்தது.

திண்டுக்கல் தந்த சான்று

விலையுயர்ந்த ஆய்வுக்கூடம் இல்லாத ஊர்கள் என் செய்யும்? அதற்கு விடை தமிழகத்திலிருந்தே கிடைத்தது. 2000-ஆம் ஆண்டில் திண்டுக்கல் மாவட்டத்துச் சிற்றூர்களில் ஆர். சங்கரநாராயணன் முதலியோர் பேராய்வு ஒன்றைத் தொடங்கினர். பயிற்சி பெற்ற செவிலியர், 30 முதல் 59 வயதுடைய பெண்களுக்குக் காடி அமிலம் தடவி வெறுங்கண்ணால் நோக்கினர். வெண்மை கண்டவிடத்துக் கோல்போஸ்கோப்பால் ஆராய்ந்து, தக்கோர்க்கு உறைகுளிர்ச் சிகிச்சை அளித்தனர். 2007-இல் லான்செட் இதழில் முடிவு வெளியாயிற்று: சோதனைக்கு அழைக்கப்பட்ட ஊர்களில் நோய்த் தோற்றம் 25 விழுக்காடும், அதனால் நேரும் இறப்பு 35 விழுக்காடும் குறைந்தன. அறிவும் பயிற்சியும் இருப்பின் எளிய பொருளும் உயிர் காக்கும் என்பதற்கு இதனினும் சான்று வேண்டா.

இன்று தடுப்பூசியும் உண்டு. மலேசியா 2010-இலும் சிங்கப்பூர் 2019-இலும் பள்ளி மாணவியர்க்கு அதனை வழங்கத் தொடங்கின. 2030-க்குள் 90 விழுக்காட்டுச் சிறுமியர்க்குத் தடுப்பூசியும், 70 விழுக்காட்டுப் பெண்களுக்குச் சோதனையும், நோயுற்றோருள் 90 விழுக்காட்டினர்க்குச் சிகிச்சையும் வேண்டுமென உலக நலவாழ்வு நிறுவனம் 2020-இல் குறிக்கோள் வகுத்தது. இவற்றுக்குத் தடையாக நிற்பவற்றுள் நாணமும் ஒன்று. இவ்வுறுப்பின் பெயரைச் சொல்லக் கூசும் வழக்கத்தால் காலங்கடந்து மருத்துவமனை சென்ற தாய்மார் பலர். அக்கூச்சத்தை நீக்கி, உரிய சொற்களைத் தெளிந்த தமிழில் எடுத்துரைப்பதும் ஆசிரியர் ஆற்றக்கூடிய அரும்பணியாகும்.