பாரதிதாசன்: எடுக்கப்படாத படம்

புதுவைக் கவிஞர் பாரதிதாசன் (1891–1964) சினிமாவுக்கு எழுதியதைப் பிழைப்புக்கான காரியம் என்று ஒதுக்கிவிடுவது நம் விமர்சன வழக்கம். அவருடைய ‘எதிர்பாராத முத்தம்’ காவியத்தை மாடர்ன் தியேட்டர்ஸ் 1950இல் ‘பொன்முடி’யாக்கியது, எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கினார். வசனம் கவிஞருடையது. 1952இல் ‘வளையாபதி’. அதே ஆண்டில்தான் ‘பராசக்தி’யும் வந்தது. வசனகர்த்தாவுக்காகக் கூட்டம் கூடிய காலம். அவரைப் படித்து வளர்ந்தவர்கள் மேடைப் பேச்சின் வீச்சைத் திரைக்குக் கொண்டுபோனார்கள். இவருடைய பலமோ யாப்பில் இருந்தது; உரைநடை வசனத்தில் அது கூடவரவில்லை. தோல்விதான். ஆனால் வெறும் பிழைப்பென்றால், 70 வயதுக்குமேல் சென்னையில் தங்கி ‘பாண்டியன் பரிசு’ காவியத்தைப் படமாக்க அலைந்தது ஏன்? படம் வராமலே 1964 ஏப்ரலில் இறந்தார். எழுத்தறியாதவனையும் கவிதை எட்டவேண்டும் என்ற பிடிவாதமே அந்த அலைச்சல். அதைக் கழித்துவிட்டு அவர் கவிதையை எடைபோட முடியாது.