ஒரு புதுப்பிப்பின் வழியே நுழைந்த சூது

கடையில் வாங்கிய கேரம் பலகை பத்தாண்டுகள் கழித்தும் அதே கேரம் பலகைதான். இணையவழி விளையாட்டு அத்தகையதன்று. நாம் ஒருமுறை பார்த்து அனுமதித்த விளையாட்டு, அடுத்த ஆண்டில் வேறொன்றாக மாறியிருக்கக்கூடும். கவுன்டர்-ஸ்டிரைக் என்னும் துப்பாக்கிச் சண்டை விளையாட்டின் வரலாறு இதற்குத் தக்க சான்றாகும்.

மின் லே, ஜெஸ் கிளிஃப் ஆகிய இருவர் 1999ஆம் ஆண்டு 'ஹாஃப்-லைஃப்' விளையாட்டை அடிப்படையாகக் கொண்டு இதை இலவசமாக உருவாக்கி வெளியிட்டனர். 2000இல் வால்வ் நிறுவனம் இதைத் தன் வெளியீடாக்கிக்கொண்டது. அக்காலத்தில் ஒவ்வொரு திருத்தத்தையும் ஆடுவோரே தேடிப் பதிவிறக்க வேண்டியிருந்தது. 2003இல் அந்நிறுவனத்தின் ஸ்டீம் மென்பொருள் வந்தபின், திருத்தங்கள் தாமாகவே கணினிக்குள் வந்து சேர்ந்தன. வசதி பெருகியது, வேண்டாம் என்று மறுக்கும் வாய்ப்போ குறைந்துபோனது.

திருத்தங்களில் பலவும் நன்மைக்கானவையே. பிழைகளைக் களைவதும், ஏமாற்று வழிகளை அடைப்பதும், ஆயுதங்களின் வலிமையைச் சமன்செய்வதும் அவற்றின் பணி. 2015 டிசம்பரில் புதிதாகச் சேர்க்கப்பட்ட ஆர்8 ரிவால்வர் அளவுமீறிய வலிமையுடன் இருந்ததால், சில நாள்களிலேயே அதன் வலிமையைக் குறைத்தனர்.

ஆனால் 2013 ஆகஸ்டில் வந்த 'ஆர்ம்ஸ் டீல்' என்னும் புதுப்பிப்பு வேறு வகையைச் சேர்ந்தது. அதன்பின் ஆடுவோருக்குப் பூட்டிய பெட்டிகள் கிடைக்கலாயின. அவற்றைத் திறக்கும் சாவியின் விலை 2.49 டாலர். உள்ளே இருப்பது இன்னதென்று திறக்கும்வரை தெரியாது. கிடைப்பதோ 'ஸ்கின்' எனப்படும் வண்ண மேற்பூச்சு. அதனால் ஆயுதத்தின் வலிமை சிறிதும் கூடாது. எனினும் அரியவற்றை விற்றுப் பெரும்பணம் பார்க்கலாம் என்ற ஆசை பரவியது. ஸ்கின்களையே பணயமாக வைத்துச் சூதாடும் வெளித்தளங்களும் முளைத்தன. அவற்றுள் பலவற்றுக்கு 2016இல் வால்வ் தடை அறிவிப்பு அனுப்பியது.

2018இல் பெல்ஜியத்தின் சூதாட்ட ஆணையம், இப்பெட்டிகள் அந்நாட்டுச் சூதாட்டச் சட்டத்துக்கு முரணானவை என்று அறிவித்தது. அங்கே பெட்டி திறப்பது நிறுத்தப்பட்டது. வேறு பல நாடுகளில் தொடர்ந்தது. அதே ஆண்டு டிசம்பரில் விளையாட்டு இலவசமாக்கப்பட்டது. நுழைவதற்குக் காசில்லை, நுழைந்தபின் பெட்டிகள் காத்திருந்தன.

2025 அக்டோபரில் வந்த மற்றொரு புதுப்பிப்பு, அரிய கத்திகளைப் பெற எளிய வழியொன்றைத் திறந்தது. உடனே அவற்றின் சந்தை விலை சரிந்தது. விலையுயர்ந்த சேமிப்பென்று இளைஞர்கள் எண்ணியிருந்தவை, நிறுவனத்தின் ஒரு முடிவால் மதிப்பிழந்தன.

திருமறையின் ஐந்தாம் அத்தியாயம் 90ஆம் வசனம் மதுவோடு சூதையும் விலக்கச் சொல்கிறது. நம் வீடுகளில் சீட்டுக்கட்டும் பந்தயமும் கண்ணில் பட்டவுடன் தடுக்கிறோம். வண்ணப் பெட்டியும் சாவியுமாக வருவதை அவ்வாறு அடையாளம் காண்பதில்லை. இந்த விளையாட்டின் 2012ஆம் ஆண்டு வடிவத்தைப் பார்த்துப் பிள்ளைக்கு அனுமதி தந்த பெற்றோர், மறு ஆண்டே அதற்குள் பெட்டிகள் வரும் என்று எண்ணியிருக்க மாட்டார்கள்.

ஆகவே, அனுமதி ஒருமுறை தந்து மறக்கத்தக்கதன்று. ஒவ்வொரு பெரிய புதுப்பிப்பின்போதும் புதிதாக என்ன வந்துள்ளது, எதற்குக் காசு கேட்கிறது என்று பிள்ளைகளிடமே அன்போடு கேட்போம். வங்கி அட்டை எண்ணை விளையாட்டுக் கணக்கில் சேமித்து வைக்காதிருப்போம்.