மேடை தந்த தேர்ச்சியும் மேடை வகுத்த எல்லையும்: மனோரமாவின் கலைவாழ்வும் பழைய இராமநாதபுரம் மாவட்ட நாடக மரபும்

1. கருதுகோள்

மனோரமா (1937–2015) பற்றிய எழுத்துகள் பெரும்பாலும் இரண்டு செய்திகளோடு நின்றுவிடுகின்றன. அவர் ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்களில் நடித்தார். முதலமைச்சர் பதவி வகித்த ஐவருடன், அண்ணாதுரை, கருணாநிதி ஆகியோரோடு மேடையிலும், எம்.ஜி.ஆர்., என்.டி. ராமராவ், ஜெயலலிதா ஆகியோரோடு திரையிலும், நடித்தார். இரண்டும் மெய். ஆயினும் அவருடைய நடிப்பு எங்கே உருவானது, திரையில் அவருக்கு ஏன் அந்த இடமே வாய்த்தது என்னும் கேள்விகளுக்கு இவற்றில் விடை இல்லை. தமிழ்த் திரைப்படம் நாடக மேடையிலிருந்து நடிகர்களை எடுத்துக்கொண்டபோது, அங்கே நிலவிய தகுதி வரிசையையும் சேர்த்தே எடுத்துக்கொண்டது என்பது இக்கட்டுரையின் வாதம். மனோரமாவின் திறனும், அத்திறனுக்கு விழுந்த எல்லையும் ஒரே மண்ணில் வேர்கொண்டவை.

2. நிலமும் இரவு மேடையும்

மன்னார்குடியில் கோபிசாந்தா என்ற பெயரோடு பிறந்தவர், தந்தையின் ஆதரவு அற்றுப்போனபின் தாயுடன் பள்ளத்தூருக்கு வந்து சேர்ந்தார். இன்று சிவகங்கை மாவட்டத்தில் இருக்கும் பள்ளத்தூர், 1985இல் மாவட்டம் மூன்றாகப் பிரியும்வரை இராமநாதபுரம் மாவட்டத்தைச் சேர்ந்தது. இராமேஸ்வரம் தீவிலிருந்து செட்டிநாடு வரை பரந்திருந்த அம்மாவட்டம் திரைக்கு அளித்தவர்கள் பலர்: காரைக்குடி ஏ.வி. மெய்யப்பன், சிறுகூடல்பட்டி கண்ணதாசன், பரமக்குடி கமல்ஹாசன், முதுகுளத்தூர் வட்டாரத்துச் செந்தில். மெய்யப்பன் ‘நாம் இருவர்’ (1947) படத்தைக் காரைக்குடியில் ஸ்டுடியோ போட்டே எடுத்தார். அதற்கு மூலம் ப. நீலகண்டன் எழுதிய மேடை நாடகம்.

இந்தத் திரை வரலாற்றுக்கு அடியில் ஓடியது ஊர்த் திருவிழா நாடகம். மதுரை, புதுக்கோட்டை, இராமநாதபுரம் வட்டாரங்களில் ‘ஸ்பெஷல் நாடகம்’ எனப்படும் வடிவத்தில் நிலையான குழு கிடையாது. ராஜபார்ட் (நாயகன்) ஓர் ஊரிலிருந்தும், ஸ்திரீபார்ட் (நாயகி) வேறோர் ஊரிலிருந்தும், பபூனும் (கோமாளி) டான்ஸ் காமிக்கும் (அவரோடு ஆடிப் பேசும் நகைச்சுவை நடிகை) இன்னோர் ஊரிலிருந்தும் தனித்தனியே பேசி அமர்த்தப்படுவர். ஒத்திகை இல்லை. சங்கரதாஸ் சுவாமிகளின் ‘வள்ளி திருமணம்’, ‘பவளக்கொடி’ போன்றவை எல்லோருக்கும் மனப்பாடம் என்பதே பொது ஒப்பந்தம். இரவு பத்து மணிவாக்கில் தொடங்கி விடியும்வரை நடக்கும் ஆட்டத்தில், ஆர்மோனியக்காரர் சுருதியைப் பிடித்துக்கொடுக்க, எதிரே நிற்பவர் என்ன பேசினாலும் அந்த இடத்திலேயே பதில் சொல்லத் தெரிந்திருக்க வேண்டும். 1914இல் பாம்பன் பாலம் திறக்கப்பட்டுத் தனுஷ்கோடி–தலைமன்னார் கப்பல் ஓடத் தொடங்கியபின், இராமேஸ்வரம் கரை இலங்கை மேடைகளுக்கான வாசலும் ஆயிற்று.

3. இரண்டு பள்ளிகள்

தமிழ் நடிப்பின் வரலாறு பெரும்பாலும் பாய்ஸ் கம்பெனிகள் எனப்பட்ட சிறுவர் நாடகக் குழுக்களின் வரலாறாகவே சொல்லப்படுகிறது. சங்கரதாஸ் சுவாமிகள் 1918இல் மதுரையில் தொடங்கிய சிறுவர் சபையில் டி.கே.எஸ். சகோதரர்கள் பயின்றனர். எம்.ஜி.ஆர். மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியிலும், சிவாஜி கணேசன் யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் கம்பெனியிலும் வளர்ந்தனர். அங்கே உணவும் உறைவிடமும் கிடைத்தன, வாத்தியார் இருந்தார், பாட்டு, வசனம், சிலம்பம் என ஆண்டுக்கணக்கில் பயிற்சி இருந்தது. கமல்ஹாசனும், ‘களத்தூர் கண்ணம்மா’வில் (1960) அறிமுகமானபின், டி.கே. சண்முகத்திடம் பயின்றவர்.

இப்பள்ளியின் கதவு பெண்பிள்ளைக்குத் திறக்கவில்லை; அங்கே பெண் வேடத்தையும் சிறுவர்களே கட்டினர். தாய் நோயுற்றதால் படிப்பை விட்டு வீட்டுவேலைக்குப் போன பள்ளத்தூர்ச் சிறுமிக்கு வாய்த்தது தற்செயலாக ஓர் இரவு. ‘அந்தமான் காதலி’ நாடகத்தில் நடிக்க வந்தவருக்குச் சரியாகப் பாட வரவில்லை. பாடத் தெரிந்த உள்ளூர்ச் சிறுமியை அழைத்தார்கள். மனோரமா என்ற பெயரைச் சூட்டியவர்கள் நாடக இயக்குநர் திருவேங்கடமும் ஆர்மோனியக் கலைஞர் தியாகராஜனும். அவர் தொடங்கியது புராண நாடகத்தில் அன்று, சமூக நாடகத்தில். ஆனால் வேலைமுறை ஒன்றே: இன்னொருவர் இடத்தில் உடனே போய் நிற்பது, பாட்டால் சபையைப் பிடிப்பது, மறுநாள் வேறோர் ஊர்.

இரண்டாம் கட்டத்தில்தான் மற்றப் பள்ளியின் ஒழுங்கு சுற்றுவழியாக அவரை வந்தடைந்தது. வைரம் நாடக சபாவுக்குப் பின் அவர் சேர்ந்தது எஸ்.எஸ். ராஜேந்திரனின் நாடக மன்றம். ராஜேந்திரன் டி.கே.எஸ். குழுவில் வளர்ந்தவர். கருணாநிதியின் ‘மணிமகுடம்’ போன்ற நாடகங்களில் நீண்ட அடுக்கு வசனத்தை ஒரு சொல்லும் பிசகாமல், மூச்சுக் கணக்கோடு பேசியாக வேண்டும். பேச்சுக்குப் பேச்சு தொடுக்கும் ஊர் மேடையும், எழுதியதை எழுதியபடி ஒலிக்கும் திராவிட இயக்க மேடையும் ஒரே நடிகையிடம் சேர்ந்தன.

4. திரை எடுத்துக்கொண்டதும் விட்டதும்

கண்ணதாசன் தயாரித்த ‘மாலையிட்ட மங்கை’ (1958) அவருக்கு நகைச்சுவை வேடத்தைத் தந்தது. ‘கொஞ்சும் குமரி’ (1963) கதாநாயகியாக்கியது. அந்தப் பாதை நீளவில்லை. நாகேஷ், சோ, தேங்காய் சீனிவாசன் ஆகியோருடன் அடுத்தடுத்து அமைந்தவை எல்லாம் மேடையின் பபூன்–டான்ஸ் காமிக் இணையின் திரை வடிவங்களே.

மேடைப் பெண் கலைஞர் நாயகியாக வர முடியாது என்ற விதி இருந்ததா என்று கேட்கலாம். ஸ்பெஷல் நாடக மேடையிலிருந்தும் இலங்கை மேடைகளிலிருந்தும் வந்த கே.பி. சுந்தராம்பாள், ‘நந்தனார்’ (1935) படத்துக்கு ஒரு லட்சம் ரூபாய் பெற்று முதன்மை வேடம் ஏற்றவர். இந்த மறுப்பு வலுவானதே. ஆனால் இடையிலுள்ள கால் நூற்றாண்டை அது கணக்கில் கொள்ளவில்லை. 1935இல் நடிப்பவரே பாடியாக வேண்டும். பாடும் மேடைக் கலைஞருக்கு நாயகியின் இடம் இயல்பாகத் திறந்தது. 1958இல் பின்னணிப் பாடல் முறை நிலைபெற்று, நாயகியின் முகமும் குரலும் பெரும்பாலும் இருவருடையவை ஆகியிருந்தன. பள்ளத்தூரில் மனோரமாவை மேடையேற்றிய தகுதிக்கு நாயகி வேடத்தில் விலை இல்லை. நடிகை தம் குரலிலேயே பாட இடமிருந்தது பெரும்பாலும் நகைச்சுவைப் பகுதியில்தான். ‘பொம்மலாட்டம்’ (1968) படத்துக்காக வி. குமார் இசையில் மெட்ராஸ் பாஷையில் அவர் பாடிய பாட்டு அதற்குச் சான்று.

அதே ஆண்டில் வந்த ‘தில்லானா மோகனாம்பாள்’ மேடையின் தகுதி வரிசையைக் கதைக்குள்ளேயே காட்டுகிறது. சிறுவயதில் டி.கே.எஸ். குழுவில் பெண் வேடம் கட்டிய ஏ.பி. நாகராஜன், நாடகக்காரி ஜில் ஜில் ரமாமணியாக மனோரமாவை நிறுத்தினார். நாதஸ்வர வித்துவானும் பரதக் கலைஞரும் காதலும் போட்டியுமாகக் கதையின் நடுவே நிற்க, ரமாமணி அவர்களுக்கு அருகிலேயே, ஒரு படி கீழே நிற்கிறாள். சிரிப்பு அவளுடையது; கதை அவளுடையதாக ஆவதில்லை. அந்தத் தாழ்வை அறிந்தவளாக, அதற்காக வருந்தாதவளாக அவளை நடித்துக்காட்டியதில்தான் மனோரமாவின் தேர்ச்சி தெரிகிறது. குரலைக் குழையவிட்டுப் பேசி, சட்டென மரியாதைக்குத் தாவும் அந்த நடையை இரவு மேடையைத் தவிர வேறெங்கும் கற்றிருக்க முடியாது.

ஆயிரம் படங்களைக் கடந்தவர் என்று கின்னஸ் நூல் 1985இல் அவரைப் பதிவு செய்தது. 1958 முதல் கணக்கிட்டால் ஆண்டுக்கு ஏறத்தாழ 37 படங்கள்; அதாவது பத்து நாளுக்கு ஒன்று. ஒத்திகைக்கு நேரம் கேட்பவரால் இத்தனை கால்ஷீட் தர இயலாது. காலையில் ஒரு செட்டில் செட்டிநாட்டுத் தமிழும், மாலையில் இன்னொன்றில் பிராமணப் பேச்சும் பேசிவிட்டு வரும் ஆயத்தம் ஊர் ஊராகப் போய் ஒற்றை இரவில் ஆடிப் பழகியவருக்கே உரியது. எண்ணிக்கையை வியப்பதைவிட, அதைச் சாத்தியமாக்கிய வேலைமுறையைக் கவனிப்பதே ஆய்வுக்குப் பயன் தரும்.

5. எல்லை தளர்ந்த விதம்

நகைச்சுவைக்கு என்று ஒதுக்கிய வேலியைத் திரைத்துறை தானாக எடுத்துவிடவில்லை, வயது எடுத்தது. 1980களில் அம்மா, அத்தை, வேலைக்காரி வேடங்கள் வரத்தொடங்கியபோது, ராஜேந்திரன் மன்றத்தில் பெற்ற வசனப் பயிற்சிக்கு வேலை கிடைத்தது. மேடையிலிருந்து வந்த விசு இயக்கி ஏவி.எம். தயாரித்த ‘சம்சாரம் அது மின்சாரம்’ (1986) படத்தில் வேலைக்காரி கண்ணம்மா பிடிவாதக்காரச் சம்பந்தியை எதிர்கொள்ளும் காட்சியில், வாய்ச்சண்டை ஊர் மேடையினுடையது; அது ஏறி இறங்கும் அளவு எழுதிய வசன மேடையினுடையது. பார்த்திபனின் ‘புதிய பாதை’ (1989) சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருதைப் பெற்றுத்தந்தது. முதல் படத்துக்கும் அதற்கும் இடையே 31 ஆண்டுகள். ‘சின்ன கவுண்டர்’ (1992) தாயும், ‘இந்தியன்’ (1996) படத்தில் நிவாரணப் பணத்துக்கு அலுவலகப் படியேறும் ஏழைப்பெண்ணும் இவ்விரு மேடைகளின் இணைப்பின் தொடர்ச்சி. 2002இல் பத்மஸ்ரீ வந்தது. 2015 அக்டோபர் 10 அன்று சென்னையில் காலமானார்.

6. முடிவு

‘பெண் சிவாஜி’ என்ற பட்டத்தை இந்நிலையில் மறுபரிசீலனை செய்யலாம். வாத்தியாரும் உறைவிடமும் ஆண்டுக்கணக்கான பயிற்சியும் பெற்ற ஒருவரின் பெயரை, அவை எதுவும் மறுக்கப்பட்டிராதவர்போல் இவர்மேல் சாத்துவது, இவர் எதைக்கொண்டு எதை எட்டினார் என்பதை மறைக்கிறது. தமிழ் நடிப்பு வரலாற்றை பாய்ஸ் கம்பெனிகளின் வழியாக மட்டும் எழுதினால் பெண் கலைஞர்கள் தற்செயல்களாகவும் விதிவிலக்குகளாகவுமே எஞ்சுவர். இரவு மேடையைப் பள்ளி என்று ஏற்றால் சுந்தராம்பாளும் மனோரமாவும் ஒரு மரபின் இரு கட்டங்களாகத் தெரிவர். நாடக நடிகர் சங்கங்கள் இன்னும் இயங்குகின்றன. கோடைத் திருவிழாக்களுக்கு ஸ்திரீபார்ட்டும் டான்ஸ் காமிக்கும் இன்றும் தனித்தனியே அமர்த்தப்படுகின்றனர். திரைக்குப் போகாத அக்கலைஞர்களின் வேலைமுறையைப் பதிவு செய்வதே, திரைக்குப் போன மனோரமாவின் நடிப்பைச் சரியாக அளப்பதற்கும் முதற்படி.